ஒப்பந்தத்தின் நான்காவது வரி

தல்லாகுளத்தில், கோர்ட்டுக்குப் போகிறவர்களும் கலெக்டர் ஆபீசுக்குப் போகிறவர்களும் ஒரு நிமிஷம் நின்று பையைத் துழாவுகிற இடத்தில் ஒரு ஜெராக்ஸ் கடை இருக்கிறது. உள்ளே மிஷினில் நிற்பவள் தமிழ்ச்செல்வி. வாசலில் மேஜை போட்டு லேப்டாப்பும் பிரிண்டருமாக உட்கார்ந்திருப்பவள் நான், சாயிரா பானு. மனு, வாடகை ஒப்பந்தம், பிரமாணப் பத்திரம், எதுவானாலும் அடித்துக் கொடுப்பேன். டைப்ரைட்டரில் தொடங்கி இருபத்தாறு வருஷமாகிறது. எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும் என்பது தெருவுக்கே தெரியும். அரைகுறையாகச் சொல்லிவிட்டு 'நீங்களே பாத்துப் போட்டுக்கங்க' என்பவர்களை எழுந்து போகச் சொல்லிவிடுவேன். என் மேஜையில் அடித்த தாளில் பிழை இருக்காது. பெருமைக்காகச் சொல்லவில்லை, பின்னால் தேவைப்படும்.

செல்விக்கு நாற்பத்திரண்டு வயது. குள்ளம். மிஷின் கண்ணாடி எட்டுவதற்காகக் காலடியில் ஒரு பலகை போட்டிருக்கிறாள். மடங்கிய சான்றிதழை யாராவது நீட்டினால் புறங்கையால் தேய்த்து நிமிர்த்திவிட்டுத்தான் மிஷினில் வைப்பாள். ஒரிஜினலை மிஷினிலேயே மறந்துவிட்டுப் போகிறவர்களைப் பஸ் ஸ்டாப் வரை துரத்திக்கொண்டு ஓடுவாள். பதினொரு வருஷமாகப் பார்க்கிறேன், ஒருவருடைய காகிதமும் அவளிடம் தொலைந்ததில்லை.

அவளுக்கு இரண்டு பெயர். சர்ச்சில் தெரசா. சாதிச் சான்றிதழில் தமிழ்ச்செல்வி, இந்து, ஆதிதிராவிடர். அவளுடைய மகளும் அப்படித்தான். வீட்டில் ஆன்மேரி, காலேஜில் அன்புச்செல்வி. அவர்கள் ஆட்களில் வீட்டுக்கு இரண்டு குடம் இருக்கிற மாதிரி ஆளுக்கு இரண்டு பெயர் இருக்கும். காரணம் ரகசியமில்லை. பட்டியல் சாதிக்காரர் ஞானஸ்நானம் வாங்கிவிட்டால் சட்டத்தின் கண்ணில் அவர் பட்டியல் சாதி இல்லை. படிப்பில் இடம் கிடையாது, வன்கொடுமைத் தடுப்புச் சட்டமும் கிடையாது. ஊரில் இருக்கிறவன் ஞானஸ்நானத்தைப் பார்த்துவிட்டு வாயில் வந்த வசையை விழுங்கிக்கொள்வதில்லை. சட்டம் மட்டும்தான் அதைப் பார்க்கும்.

அவள் புருஷன் ஸ்டீபன் மினிபஸ் டிரைவர். மஞ்சள் காமாலையில் போய்ச் சேர்ந்தான். சர்ச்சுக் கல்லறையில் அடக்கம் செய்தார்கள். அதற்குப் பிறகு தாயும் மகளும் செல்லூரில் எங்கள் சந்துக்குப் பக்கத்தில் ஒற்றை அறையில் இருந்தார்கள். இருபுறமும் தறி. விடிந்ததிலிருந்து சுவரெல்லாம் அதிரும். மேரிக்கு அரசு நர்சிங் காலேஜில் இடம் கிடைத்தபோது, பிள்ளை படிக்க ஒரு சத்தமில்லாத வீடு வேண்டும் என்று செல்வி விளாங்குடிப் பக்கம் தேட ஆரம்பித்தாள். ஒவ்வொரு ஞாயிறும் சர்ச்சில் பூசை முடிந்து நேரே வீடு பார்க்கப் போவாள். திங்கட்கிழமை முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு வருவாள்.

"நீங்க என்ன ஆளுகன்னு கேக்குறாக, பானுக்கா."

"நீ என்ன சொன்ன?"

"ஒண்ணும் சொல்லல. சொல்லாட்டியே தெரிஞ்சு போகுது."

இப்படி ஏழு வீடு. எனக்கு அந்தக் கேள்வி தெரியும். என்னிடம் கேட்கக்கூட மாட்டார்கள். புர்காவைப் பார்த்ததும் 'வீடு நேத்துத்தான்மா முடிஞ்சுச்சு' என்பார்கள். அந்த எரிச்சலில்தான் நான் அவளுக்கு ஒரு யோசனை சொன்னேன்.

"கேட்டா, கிறிஸ்டியன்னு சொல்லு. சொல்லிட்டு வாயை மூடிக்க. அதுக்கு மேல நோண்டிக் கேக்க அவுகளுக்கே கூச்சமா இருக்கும்."

"பொய் இல்லைல்லக்கா?"

"ஞாயித்துக்கிழமையானா எங்க போற நீ? சினிமாவுக்கா?"

அவள் சிரித்தாள். எட்டாவது வீட்டில் அந்த வார்த்தை வேலை செய்தது. வீட்டுக்காரர் அசோக்குமார், ஓய்வு பெற்ற மனிதர், சட்டைப்பையில் இரண்டு பேனா. மாடி அவளுக்கு, கீழே அவர்கள். ஒப்பந்தம் அடிக்க என் மேஜைக்கே வந்தார். நான் அடித்துக்கொண்டிருந்தபோது குனிந்து திரையைப் பார்த்துவிட்டுச் சொன்னார்.

"அந்தம்மா பேருக்கு முன்னாடி ஒண்ணு சேத்துக்கங்க. 'கிறிஸ்தவ மதத்தைச் சேர்ந்த'ன்னு. தெரு பூராம் எங்க சொந்தக்காரங்கதான். யாரைக் குடி வச்சிருக்கன்னு கேட்டா எடுத்துக் காட்டணும்ல."

வாடகை ஒப்பந்தத்தில் மதம் எழுத வேண்டிய அவசியமே இல்லை. எனக்கு அது தெரியும். ஆனாலும் நான் சொல்லிக்கொடுத்த வார்த்தை இம்புட்டு நன்றாக வேலை செய்கிறதே என்று சந்தோஷமாக இருந்தது. அடித்தேன். நான்காவது வரியில் வந்தது. கடைசியில் வழக்கம்போல 'தட்டச்சு செய்தவர்: சாயிரா பானு' என்று போட்டுக் கையெழுத்தும் போட்டேன். செல்வி நான்கு பிரதி எடுத்தாள்.

எட்டு மாதம் ஒரு குறையும் இல்லை. கீழ்வீட்டு அம்மா ஒரு தடவை மீன் குழம்பு கொடுத்தனுப்பினார். மேரி மொட்டை மாடியில் உட்கார்ந்து படித்தாள். ஒன்பதாவது மாதம் தபாலில் ஒரு கவர் வந்தது. மேரியுடைய உதவித்தொகை சம்பந்தமான கடிதம். கவரின் மேல் ஆதிதிராவிடர் நலத்துறை என்று முத்திரை. தபால்காரர் அதைக் கீழ்வீட்டில் கொடுத்துவிட்டுப் போய்விட்டார்.

மறுநாளிலிருந்து மாடிக்குத் தண்ணீர் ஏறவில்லை. அந்த வாரம் ஞாயிற்றுக்கிழமை காலை செல்வி தெருக்குழாயில் தண்ணீர் பிடித்துக்கொண்டு வந்தபோது அசோக்குமார் வாசலை மறித்து நின்றார். அவளுடைய சட்டி பானையெல்லாம் ஏற்கெனவே தெருவில் கிடந்தன. இடுப்பிலிருந்த குடத்தைப் பிடுங்கி எறிந்தார். தெருவே பார்த்திருக்க, அவள் சாதியைச் சொல்லி, அவள் ஆத்தாளைச் சொல்லி, அவள் வளர்த்த பிள்ளையைச் சொல்லித் திட்டினார். ஏமாற்றி உள்ளே வந்துவிட்டாளாம். வீடு தீட்டாகிவிட்டதாம்.

திங்கட்கிழமை அவள் வழக்கம்போல வந்து கடையைத் திறந்தாள். பத்துப் பன்னிரண்டு பேருக்கு ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்தாள். பிறகுதான் பலகையில் உட்கார்ந்து சொன்னாள். புகார் கொடுப்போம் என்றேன்.

"வேணாங்க்கா. பிள்ளை படிப்பை முடிக்கட்டும்."

"நீ இன்னைக்கு விட்டுட்டுப் போனா, நாளைக்கு மேரியவும் இப்படித்தான் வெளிய தூக்கிப் போடுவாங்க. சட்டம் எதுக்கு இருக்கு? அலமாரில வச்சு அழகு பாக்கவா?"

அன்று மதியம் வரை பேசிப் பேசி அவளைச் சம்மதிக்க வைத்தேன். அதையும் செய்தது நான்தான். மனு அடிக்க உட்கார்ந்தோம். இந்த மாதிரிப் புகாரில் திட்டிய சொல்லை அப்படியே எழுத வேண்டும். 'சாதியைச் சொல்லித் திட்டினார்' என்று பூசி மெழுகினால் வழக்கு நிற்காது. அவள் அந்தச் சொல்லை என்னிடம் சொல்ல வேண்டியிருந்தது. பிரிண்டர் சத்தத்தில் எனக்குச் சரியாகக் கேட்கவில்லை. இன்னொரு தடவை சொல்லு என்றேன். இன்னொரு தடவை சொன்னாள். அந்த ஒரு விஷயத்துக்கு என்னை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

சட்டம் வந்தது. அதையும் சொல்லத்தான் வேண்டும். வழக்குப் பதிவானது. டி.எஸ்.பி. அம்மா தானே ஜீப்பில் வந்து இறங்கினார். தெருவை அளந்து வரைபடம் போட்டார்கள். நசுங்கிய குடத்தைக் கைப்பற்றிச் சீட்டுக் கட்டினார்கள். தெருவில் முக்கால்வாசிப் பேர் நாங்கள் ஊரிலேயே இல்லை என்றார்கள். எதிர்வீட்டில் பாத்திரம் தேய்க்கிற ராக்கம்மாள் மட்டும் பார்த்ததைப் பார்த்தபடி சொன்னாள். அசோக்குமார் பதினெட்டு நாள் உள்ளே இருந்தார்.

"அக்கா, ஜீப்பு எங்க பக்கம் பேச வந்து இப்பத்தான் பாக்குறேன்" என்றாள் செல்வி. அந்த வாரம் முழுக்க அவள் கொஞ்சம் நிமிர்ந்து நடந்த மாதிரி எனக்குத் தோன்றியது.

வழக்குத் தொடங்கி நான்கு மாதம் இருக்கும். ஒரு வக்கீல் குமாஸ்தா, வயசானவர், கடைக்கு வந்து ஒரு தாளைக் கொடுத்து ஆறு பிரதி கேட்டார். அவருக்கு இவளைத் தெரியாது. பக்கத்தில் இருந்த ஜெராக்ஸ் கடைக்கு வந்தார், அவ்வளவுதான். செல்வி வழக்கம்போலத் தாளை நிமிர்த்தித் தேய்த்தாள். தேய்த்த கை நின்றது. அவளுடைய வாடகை ஒப்பந்தம். நான்காவது வரியில் மஞ்சள் மையால் கோடு போட்டிருந்தது. அவள் ஆறு பிரதி எடுத்தாள். ஒரிஜினலை மிஷினிலிருந்து எடுத்து மறக்காமல் அவர் கையில் கொடுத்தாள். அவர் போன பிறகு வாசலுக்கு வந்து என் மேஜையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"நாலாவது வரிக்கா" என்றாள்.

எனக்கு உடனே புரிந்துவிட்டது. அவள் கிறிஸ்தவள் என்றால் வன்கொடுமைச் சட்டம் செல்லாது, வழக்கு விழுந்துவிடும். அது போனால் போகட்டும் என்று விடலாம். ஆனால் அசோக்குமாரின் வக்கீல் அத்தோடு நிறுத்தவில்லை. அவளும் மகளும் மதத்தை மறைத்துப் பொய்யாகச் சாதிச் சான்றிதழ் வாங்கியிருக்கிறார்கள், விசாரித்து ரத்து செய்ய வேண்டும் என்று மனுப் போட்டார். பத்து நாளில் நோட்டீஸ் வந்தது. சான்றிதழ் போனால் மேரியுடைய சீட்டுப் போகும். இரண்டாம் வருஷம் படித்துக்கொண்டிருக்கிற பிள்ளையை நடுவில் இறக்கிவிடுவார்கள்.

மேரிக்குத் தெரிந்த அன்று நானும் அங்கே இருந்தேன். மறுபடி செல்லூர், அதே தறிச் சத்தம். அவள் கத்தவில்லை.

"உன்னை யாரும்மா கேஸ் குடுக்கச் சொன்னா?"

செல்வி என் பக்கம் திரும்பவே இல்லை. "நானாத்தான் குடுத்தேன்" என்றாள். மேரி என்னைப் பார்த்தாள்.

புகாரை வாபஸ் வாங்கிவிடலாமா என்று கேட்டுப் பார்த்தோம். வாங்கினாலும் சான்றிதழ் விசாரணை நிற்காது, அது வேறு ஆபீஸ், வேறு ஃபைல் என்றார்கள். வாபஸ் வாங்கினால் பயந்துபோய் வாங்கினாள், அப்படியானால் கிறிஸ்தவள்தான் என்று அதையும் எழுதிக்கொள்வார்கள் என்று டி.எஸ்.பி. அம்மாவே தன்மையாக எடுத்துச் சொன்னார். முன்னேயும் போக முடியவில்லை, பின்னேயும் வர முடியவில்லை.

சான்றிதழ் விசாரணைக்காக வீட்டைச் சோதிக்க ஆள் வருவார்கள் என்று தகவல் வந்தது. முந்தின நாள் சாயங்காலம் செல்வி ஒரு பையோடு எங்கள் வீட்டுக்கு வந்தாள். பழைய சேலையில் சுற்றிய மாதா சுரூபம், ஒரு முழம் உயரம். ஸ்டீபன் கல்யாணத்துக்கு வாங்கிக் கொடுத்ததாம். கூடவே ஜெபமாலை, பைபிள், ஸ்டீபனும் அவளும் சர்ச்சு வாசலில் நிற்கிற கல்யாணப் படம்.

"எங்க வைக்கிறதுன்னு தெரியலக்கா. எங்க ஆளுக வீடு பூராத்தையும் பாப்பாக. உங்க வீட்டுல யாரும் தேட மாட்டாக."

எங்கள் வீட்டில் உருவம் வைக்கக் கூடாது. வைத்தேன். பீரோவின் அடித்தட்டில், என் துப்பட்டாக்களுக்கு நடுவில். எங்கள் ஜமாத்தில் தெரிந்தால் என்னைக் கிழித்துத் தொங்கவிட்டிருப்பார்கள். அது அல்லாஹ்வுக்கும் எனக்கும் உள்ள விவகாரம், மற்றவன் யாரும் நடுவில் வர வேண்டியதில்லை. அவள் போகும்போது பீரோவைப் பார்த்து நெற்றியில் சிலுவை போடக் கையைத் தூக்கினாள். பாதியில் இறக்கிக்கொண்டாள். என் வீடு என்பதாலா, பழகிக்கொள்ள வேண்டும் என்பதாலா, கேட்கவில்லை.

விசாரணைக்கு என்னையும் வரச் சொல்லியிருந்தார்கள். ஒப்பந்தத்தின் கடைசியில் என் கையெழுத்து இருக்கிறதே. நான் ராத்திரியெல்லாம் யோசித்து ஒரு பொய்யைத் தயார் செய்துகொண்டு போனேன். டைப் அடிக்கிறவர்கள் யாரும் ஒவ்வொரு தாளையும் முதலிலிருந்து அடிப்பதில்லை. பழைய ஃபைலைத் திறந்து பெயரையும் ஊரையும் மாற்றுவோம். அதில் ஏதாவது ஒரு சொல் மாறாமல் தங்கிவிடுவது இந்தத் தொழிலில் சகஜம். அப்படித் தங்கியது என்று சொல்லிவிடலாம் என்று முடிவு செய்தேன்.

அதிகாரி கடுமையான ஆள் இல்லை. செல்வியை உட்காரச் சொன்னார், தண்ணீர் கொடுக்கச் சொன்னார். எதிரே அசோக்குமார், அவருடைய வக்கீல், மச்சினன். முதலில் என்னைக் கேட்டார்.

"இந்த நாலாவது வரி, நீங்க அடிச்சதுதானம்மா?"

"ஆமா சார். ஆனா அது தப்பா வந்தது. முந்தி ஒரு கிறிஸ்டியன் பார்ட்டிக்கு அடிச்ச ஃபைல். அதுல பேரை மட்டும் மாத்துனேன். அந்த வார்த்தையை எடுக்க மறந்துட்டேன்."

வக்கீல் எழுந்தார். "இருபத்தாறு வருஷமா இதே வேலை பாக்குறீங்க. எத்தனை தடவை இப்படி மறந்திருக்கீங்க?"

"இதுதான் மொதத் தடவை."

"அந்தப் பழைய ஃபைல் இருக்குமில்ல? கொண்டு வந்து காட்டுங்களேன்."

அப்படி ஒரு ஃபைல் இல்லை. அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். "பொய் சாட்சி சொன்னா என்ன ஆகும்னு உங்களுக்குத் தெரியாம இருக்காது. யோசிச்சுச் சொல்லுங்க" என்றார். வாயாடி சாயிரா பானுவுக்கு வாயில் ஒரு சொல் வரவில்லை.

செல்வி எழுந்தாள்.

"சார், அக்கா தப்பாச் சொல்றாக. நான் சொல்லித்தான் அந்த வரி வந்துச்சு. எங்க ஆளுகளுக்கு வீடு குடுக்க மாட்டேன்றாக சார். கிறிஸ்டியன்னு சொன்னா குடுக்குறாக. அதான் அப்படிச் சொன்னேன். நான்தான் பொய் சொன்னேன்."

"அப்ப நீங்க கிறிஸ்டியன் இல்ல?"

அவள் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "இல்ல சார்."

"சர்ச்சுக்குப் போற பழக்கம்?"

"இல்ல சார்."

வக்கீல் ஒரு காகிதத்தை நீட்டினார். அதிகாரி படித்தார். "உங்க வீட்டுக்காரரை சர்ச்சுக் கல்லறையில அடக்கம் பண்ணியிருக்குன்னு சொல்றாங்களே."

"அவருக்கும் இந்துன்னுதான் சர்டிபிகேட் சார். அவுக வீட்டு ஆளுக அங்க வச்சாக. நான் அந்தப் பக்கம் போறதில்ல."

அதிகாரி ஒவ்வொன்றாக எழுதிக்கொண்டார். பிறகு வாக்குமூலத்தைப் படித்துக் காட்டினார். கணவரது கல்லறைக்குத் தாம் செல்லும் வழக்கமில்லை என்று வந்த இடத்தில் நிமிர்ந்து பார்த்து, "சரிதானா?" என்று கேட்டார். சரி என்றாள். தமிழ்ச்செல்வி என்று கையெழுத்துப் போட்டாள்.

இருவரும் பஸ் ஸ்டாப்புக்கு நடந்தோம். நான் சொல்லியிருக்க வேண்டிய பொய்யை அவள் சொன்னாள். என்னைக் காப்பாற்றவும் சேர்த்துச் சொன்னாள். அவள்தான் முதலில் பேசினாள்.

"மூணு தடவை கேட்டாக. மூணு தடவையும் இல்லன்னுட்டேன். எண்ணிக்கிட்டே இருந்தேன்க்கா."

"அதை எதுக்கு எண்ணுன?"

"அது பைபிள்ல ஒரு கதை. ஆண்டவரைத் தெரியவே தெரியாதுன்னு மூணு தடவை சொன்ன சீடரு கதை. உங்களுக்குத் தெரியாது" என்றாள். பஸ் வந்தது, ஏறிக்கொண்டோம்.

இரண்டு மாதம் கழித்து உத்தரவு வந்தது. எதிர்மனுதாரர் குடும்பம் இந்து மதத்தைப் பின்பற்றி வருவதாகத் தெரிகிறது, சான்றிதழ் செல்லும் என்று. ஜெயித்தோம் என்றுதான் சொல்ல வேண்டும். மேரி படிப்பைத் தொடர்ந்தாள். வழக்கும் நடக்கிறது. அசோக்குமார் அந்த உத்தரவை எதிர்த்து மேல் முறையீடு செய்திருக்கிறார். இன்றோடு பத்தொன்பது வாய்தா. ஒவ்வொரு வாய்தாவுக்கும் அவர் இரண்டு பேனாவோடு வந்து எங்கள் கடையைத் தாண்டித்தான் போகிறார். அவருடைய மச்சினன் ஞாயிற்றுக்கிழமைகளில் சர்ச்சுக்கு எதிரே வண்டியைப் போட்டுக்கொண்டு போனைத் தூக்கிப் பிடித்திருப்பான். பாதிரியார் செல்விக்குச் சொல்லியனுப்பினார்: வர வேண்டாம், உன் மனசு எனக்குத் தெரியும். அவள் அதைக் கேட்டு ஆறுதலடைந்ததாகத் தெரியவில்லை. பூசை நேரத்தில் எங்கள் வீட்டுக்கு வந்து, பீரோ பக்கத்தில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டுப் போவாள். பீரோவைத் திறக்கச் சொன்னதில்லை. நானும் அந்த நேரம் அடுப்படியில் ஏதாவது வேலை வைத்துக்கொள்வேன்.

வீடு தேடுவதை அவள் விட்டுவிட்டாள். என்ன ஆளுக என்று கேட்டால் வாயடைக்க ஒரே ஒரு வார்த்தை இருந்தது. அதை இனி அவள் எங்கேயும் சொல்ல முடியாது. மேரி காதில் பஞ்சை வைத்துக்கொண்டு தறிச் சத்தத்தில் படிக்கிறாள்.

போன வருஷம் அக்டோபர் கடைசியில் கல்லறைக் காவல்காரர் மூலம் ஒரு சேதி வந்தது. அந்த மச்சினன் வந்து ஸ்டீபன் என்று எத்தனை பேர் இங்கே இருக்கிறார்கள், எந்த வரிசை என்று விசாரித்துவிட்டுப் போயிருக்கிறான். காவல்காரர் தெரியாது என்று சொல்லிவிட்டார். ஆனால் நவம்பர் இரண்டு கல்லறைத் திருநாள். அன்று யார் வேண்டுமானாலும் உள்ளே போகலாம். செல்வி மிஷினை நிறுத்திவிட்டு என்னிடம் வந்தாள்.

"சிலுவையில பேரு எழுதியிருக்குக்கா. அவரு பேருக்குக் கீழ, எங்க பேரும்."

அவள் கேட்டதை நான் மறுக்கவில்லை. திருநாள் அன்று மதியம் ஒரு பொட்டலம் கொடுத்தாள். மூன்று மெழுகுவத்தி, சம்பங்கிச் சரம், ஒரு சின்ன டப்பா வெள்ளை பெயிண்ட், பிரஷ். "தலமாட்டுல ரெண்டு, காலமாட்டுல ஒண்ணு" என்றாள். "பெயிண்டு அப்பறம் அடிங்கக்கா. மொத மெழுகுவத்திய ஏத்திருங்க."

கல்லறை வாசலில் ஒரே கூட்டம். பூக்கடை, ஐஸ் வண்டி, குடும்பம் குடும்பமாக ஆட்கள். மச்சினன் சுவரோரம் வண்டியில் உட்கார்ந்திருந்தான். என் புர்காவை ஒரு தடவை பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டான். என் வாழ்நாளில் அந்தத் துணியைப் பார்த்து ஒருவன் முகம் திருப்பியதற்கு நான் நன்றி சொன்னது அந்த ஒரு நாள்தான்.

மூன்றாவது வரிசை, வேப்பமரத்தை ஒட்டி. சிமெண்டுச் சிலுவையில் கறுப்பு எழுத்து. ஸ்டீபன். பிறந்த தேதி, இறந்த தேதி. அதற்குக் கீழே, 'அன்பு மனைவி தெரசா, மகள் ஆன்மேரி.' ஸ்டீபனை நான் இரண்டு மூன்று தடவைதான் பார்த்திருக்கிறேன். என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவான். பூவை வைத்தேன். மெழுகுவத்தி ஏற்றினேன். எனக்குத் தெரிந்த துவாவை ஓதினேன். இந்த இடத்தில் ஓதலாமா என்றெல்லாம் யாரையும் கேட்கவில்லை. பிறகு மண்ணில் மண்டியிட்டு, பிரஷை எடுத்து அந்தக் கடைசி வரியின் மேல் பூசினேன். முதல் பூச்சில் எழுத்து தெரிந்தது. காயக் காத்திருந்து இன்னொரு பூச்சுப் பூச வேண்டியிருந்தது. இருபத்தாறு வருஷத்தில் எத்தனையோ தாளில் எத்தனையோ வரியை அடித்துத் திருத்தியிருக்கிறேன். பிழையே இல்லாத ஒரு வரியை நான் அழித்தது அன்றைக்குத்தான். அழுதேன். பக்கத்துக் கல்லறைக்காரர்கள் என் தம்பி என்று நினைத்து நகர்ந்து இடம் கொடுத்தார்கள்.

கடைக்குத் திரும்பியபோது செல்வி மிஷினில் நின்றுகொண்டிருந்தாள். எதிரே ஒருவர் நில ஆவணங்களோடு காத்திருந்தார்.

"காத்துல அணைஞ்சிருச்சாக்கா?"

"இல்ல. நான் வரும்போதும் எரிஞ்சுக்கிட்டுத்தான் இருந்துச்சு."

"எழுத்து?"

"வெளிய தெரியல. ரெண்டு தடவை அடிச்சேன்."

"மேரி பேரு?"

"அதுவும்."

அவள் தலையை ஆட்டினாள். காத்திருந்தவரின் கையிலிருந்து தாளை வாங்கினாள். நடுவில் மடிந்திருந்தது. புறங்கையால் நிமிர்த்தித் தேய்த்தாள்.

"அவருக்குப் பொண்டாட்டி பிள்ளை யாரும் இல்லாத மாதிரி ஆயிருச்சுல்லக்கா" என்றாள்.

பிறகு அவரிடம் திரும்பி, "முன்னும் பின்னும் எடுக்கணுமா சார்?" என்று கேட்டாள்.